வைத்திரு, வந்து வாங்கிக்கொள்கிறேன்

எங்கள் வீட்டு வராந்தாவில் ஒரு கதவு சுவரில் சாய்ந்து நிற்கிறது. திறந்தால் சுவர்தான் தெரியும். புதிதாக வீட்டுக்கு வருகிறவர்கள் அதைப் பார்த்துவிட்டு என்னைப் பார்ப்பார்கள். நான் என் மனைவி சரோஜைக் கைகாட்டிவிடுவேன். அவள் அசராமல் சொல்லுவாள்: "அது எங்க அண்ணனோட கதவு. வந்து வாங்கிப்பாரு."

அண்ணன் தேவேந்திரா வான்கூவருக்குப் போனது எண்பத்தேழில், முதல் கூ நடந்த வருஷம். ராணுவம் ஆட்சியைப் பிடிப்பதை ஃபிஜியில் நாங்கள் எல்லோரும் 'கூ' என்றுதான் சொல்வோம். தேவேந்திரா நாடி டவுனில் இருந்த வீட்டை விற்றார். வாங்கினவன் இரும்புக் கதவு போடப் போகிறேன் என்றானாம். அப்பா இழைத்துச் செய்த கதவு என்று இவர் அதைக் கழற்றி லாரியில் ஏற்றி, லோவுவில் எங்கள் வீட்டு வாசலில் இறக்கினார். "வைச்சிரு சரோஜ், நான் வந்து வாங்கிக்குறேன்" என்றார். கதவை வாங்குவதற்காக ஒரு மனுஷன் வான்கூவரிலிருந்து விமானம் ஏறி வருவானா என்று நான் கேட்டேன். அன்று எனக்குச் சாப்பாடு கொஞ்சம் தாமதமாகத்தான் கிடைத்தது.

நான் சுரேந்திரா. லோவுவில் கரும்பு போட்டுப் பிழைத்தவன். தென்னிந்தியர் சங்கம் நடத்திய பள்ளிக்கூடத்தில் தமிழ் எழுதப் படித்தேன். கோயில் நோட்டீஸ் எழுதும் ஆள் என்று ஊரில் ஒரு பெயர். எங்கள் வீட்டில் பேச்சு பாதி தமிழ், பாதி ஹிந்தி. பிள்ளைகள் காலத்தில் முழுக்கவே ஹிந்தி. இந்தக் கதையில் எல்லோரையும் தமிழிலேயே பேச வைத்திருக்கிறேன், எனக்கு எழுதச் சௌகரியம் அதுதான்.

கூவுக்குப் பயந்து ஊரைவிட்டுப் போகிற எங்கள் இந்தியக் குடும்பங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. யாரும் தங்கள் சாமானைக் 'குடுத்துட்டேன்' என்று சொல்ல மாட்டார்கள். அப்படிச் சொன்னால் திரும்பி வரமாட்டேன் என்று ஒப்புக்கொண்டதாகிவிடும். பஸ் பிடித்து நாடி விமான நிலையத்துக்கு வந்து நிற்கிற அத்தனை சொந்தக்காரர்கள் முன்னால் அந்த வார்த்தையை எப்படிச் சொல்வது? அதனால் எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: வைத்திரு, வந்து வாங்கிக்கொள்கிறேன். கேட்கிறவர்களும் தலையாட்டிவிட்டு, மறுவாரமே அந்த நாற்காலியில் உட்கார ஆரம்பித்துவிடுவார்கள். இரு பக்கமும் தெரிந்து சொல்கிற பொய் அது. என் பெண்டாட்டி ஒருத்திக்கு மட்டும் அது பொய் என்று யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

இரண்டாயிரத்தில் அடுத்த கூ வந்தது. அப்போது என் பெரிய தம்பி குடும்பம், சரோஜின் சித்தி குடும்பம், அடுத்த வயல்காரர் என்று வரிசையாகக் கிளம்பினார்கள். தையல் மிஷின் வந்தது. ஆர்மோனியம் வந்தது. ஒரு பெரிய ஃப்ரீசர் வந்தது. அதை வைக்க இடமில்லாமல் கரும்புக்கு மருந்தடிக்கிற என் ஸ்ப்ரேயர் வெளியே போனது. ஒரு நாயும் வந்தது. அது வயதாகிச் செத்தபோது சரோஜ் சிட்னிக்குப் போன் போட்டு, புதைக்கலாமா என்று கேட்டாள். அந்தப் பக்கத்தில் இருந்தவர்கள் முதலில் எந்த நாய் என்று இங்கிலீஷில் கேட்டார்கள். அதை அவளிடம் நான் மொழிபெயர்க்கவில்லை, அவளுக்கே புரிந்துவிட்டது.

மாட்டுக் கொட்டகை இதற்குள் சாமான் கொட்டகை ஆகியிருந்தது. அதில் எதையும் அவள் விற்க விடமாட்டாள், மாற்ற விடமாட்டாள். தையல் மிஷினில் தைக்கலாம். ஆனால் வைத்துவிட்டுப் போனவர் மாட்டியிருந்த ஊசி வளைந்தபோது, அந்த வளைந்த ஊசியையும் டப்பாவில் போட்டு வைத்தாள். "அவங்க கேட்டா காட்டணும் இல்லீங்களா?" ஒருத்தரும் கேட்கவில்லை. வருஷத்துக்கு ஒரு போன், தீபாவளிக்கு. அடுத்த வருஷம் வருகிறோம் என்பார்கள். அவள் கொட்டகையைக் கூட்டி வைப்பாள். எனக்குக் கோபம் அவர்கள் மேலா இவள் மேலா என்று தெரியாமல் நான் வயலுக்குப் போய்விடுவேன்.

இரண்டாயிரத்து ஆறு டிசம்பரில் இன்னொரு கூ. இந்தத் தடவை போனது சரோஜின் தங்கை உர்மிளா, பிரிஸ்பேனுக்கு. உர்மிளாவும் புருஷனும் ஒரே மகன் பிரனேஷும் எங்கள் பக்கத்து வளவில்தான் இருந்தார்கள். பிரனேஷ் எங்கள் வீட்டில் சாப்பிட்டு அவன் வீட்டில் தூங்குகிறவன். பெரியம்மா என்றால் அவனுக்கு உயிர். போவதற்கு முந்தைய கிறிஸ்மஸுக்கு ஆக்லாந்திலிருந்து யாரோ அவனுக்கு ஒரு கேம் அனுப்பியிருந்தார்கள். புத்தகம் மாதிரி மடிக்கிறது, மேலே ஒரு திரை, கீழே ஒரு திரை. கீழ்த்திரையைக் குச்சியால் தொட்டு ஆடலாம். சாப்பிடும்போதும் அதை விடமாட்டான். ஒரு கையில் ரொட்டி, ஒரு கையில் அது.

விமான நிலையத்தில் எல்லோரும் அழுது முடித்து, உள்ளே போகிற வாசல் வந்ததும், பிரனேஷ் திரும்பி ஓடி வந்தான். சட்டைப் பையிலிருந்து அந்த கேமை எடுத்துச் சரோஜ் கையில் வைத்தான். "வைச்சிரு பெரியம்மா, நான் வந்து வாங்கிக்குறேன்" என்றான். பெரியவர்கள் சொல்வதைக் கேட்டுக் கேட்டு வந்த வாக்கியம்தான். ஆனால் ஒன்றை நான் அப்போதே கவனித்தேன். மற்றவர்கள் விட்டுப் போனதெல்லாம் தூக்க முடியாதவை. ஃப்ரீசரை யார் பிரிஸ்பேனுக்குத் தூக்கிப் போவார்கள்? பையில் அடங்குகிற ஒன்றை, அதுவும் உயிராக வைத்திருந்த ஒன்றை விட்டுப் போனது அந்தப் பிள்ளை ஒருத்தன்தான். சரோஜும் அதைக் கவனித்திருக்க வேண்டும். பஸ்ஸில் திரும்பும்போது அதை அவள் மடியில்கூட வைக்கவில்லை, இரண்டு கையிலும் பிடித்திருந்தாள்.

வீட்டுக்கு வந்து சார்ஜ் போட்டுத் திறந்தாள். மேல்திரையின் ஓரத்தில் அவன் பெயர் வந்தது. அங்கே இங்கே தட்டியதில் அவன் எழுதி வைத்திருந்த ஒரு வரியும் வந்தது. இதற்குள் அவரவர் பெயர், பிறந்த நாள், பிடித்த நிறம், ஒரு சின்ன வாசகம் எல்லாம் போட்டு வைக்கலாமாம். இந்தப் பிள்ளை இங்கிலீஷில் போட்டிருந்தது: என் கேமைத் தொடாதே, ஓகே.

சரோஜ் மூடி வைத்துவிட்டாள். ஒரு மாதம் தொடவில்லை. பிறகு பிரிஸ்பேனிலிருந்து போன் வந்தபோது உர்மிளாவிடம் நலம்கூட விசாரிக்காமல், பிரனேஷைக் கூப்பிடு என்றாள். "அப்பப்போ சார்ஜ் போடணும், நான் தொடலாமா கண்ணு?" என்று கேட்டாள். அவன் யோசித்துச் சொன்னான்: "நீ தொடலாம் பெரியம்மா. விளையாடவும் செய்யலாம். வேற யாரும் தொடக்கூடாது."

அந்த வேற யாரும் நான்தான். இந்த வீட்டில் வேறு யார் இருக்கிறார்கள்? எங்கள் மகள்கள் இரண்டு பேரும் கல்யாணமாகி ஒருத்தி லபாசாவிலும் ஒருத்தி சுவாவிலும் இருக்கிறார்கள். அன்றிலிருந்து என் வீட்டில், என் மேஜை மேல், என் மின்சாரத்தைக் குடித்துக்கொண்டு கிடந்த ஒரு சாமானை நான் தொட்டதில்லை.

அதில் ஒரே ஒரு ஆட்டம்தான் இருந்தது. மேலிருந்து பழப் பெட்டிகள் விழும். ஒரே நிறத்தைச் சேர்த்து அடுக்கினால் மறையும். அடுக்கத் தவறினால் குவிந்து கூரையை முட்டும், ஆட்டம் முடிந்தது. மத்தியானம் பாத்திரம் கழுவி முடித்ததும் சரோஜ் வராந்தாவில் அண்ணன் கதவில் முதுகைச் சாய்த்து உட்காருவாள். முதல் வாரம் பெட்டிகள் அவளை மூடின. ஒரு வருஷத்தில், கீழே பார்க்காமலே குச்சியைத் தட்டுவாள், என்னோடு சண்டையும் போடுவாள். அறுவடைக்கு வந்த ஆட்கள் யங்கோனா வேர்ச்சாறு குடிக்க உட்காருகிற நேரத்தில் இவளைச் சுற்றி நின்று பார்ப்பார்கள். கரும்பு வெட்டுகிறவர்களில் ஒருவர், இந்த அம்மா லாரி ஏற்ற வந்தால் ஒரு லோடு அதிகம் ஏறும் என்றார்.

வருஷத்தில் ஒரு நாள் அதைத் திறந்தால் வழக்கமான ஓசை வராது. வேறொரு சின்ன ராகம் வரும். முதல் தடவை கெட்டுப்போய்விட்டது என்று பயந்தாள். பிறகுதான் தெரிந்தது, அன்று பிரனேஷ் பிறந்த நாள், மிஷின் அதை ஞாபகம் வைத்துப் பாடுகிறது. அதிலிருந்து அந்த நாளில் பாயசம். பிறந்தவன் பிரிஸ்பேனில், பாயசம் என் வயிற்றில். இந்த ஏற்பாட்டில் மட்டும் எனக்குப் புகார் இல்லை.

இப்படியே வருஷங்கள் போயின. பிரனேஷ் வளர்ந்தான், குரல் உடைந்தது, கல்லூரிக்குப் போனான், வேலைக்குப் போனான். மடிக்கிற மூட்டில் மிஷின் விரிசல் விட்டது. மேல்திரைக்குப் போகிற ஒயர் அந்த மூட்டு வழியாகத்தான் போகிறதாம். ஒரு கோணத்தில் பிடித்தால் திரை வரும், கை அசைந்தால் மொத்தமும் அணைந்துவிடும். சரோஜ் அந்தக் கோணத்தைப் பழகிக்கொண்டாள். இடது கட்டைவிரலால் மூடியைப் பின்னுக்குத் தள்ளிப் பிடித்து, கழுத்தையும் அதற்கேற்பச் சாய்த்து ஆடுவாள். பார்க்கிறவர்களுக்குக் கழுத்துப் பிடிப்பு என்று தோன்றும்.

அப்புறம் அந்தக் கோணத்திலும் வருவது குறைந்தது. பத்து தடவை தட்டினால் ஒரு தடவை கண் திறக்கும். அந்த வாரம்தான் பிரனேஷ் போன் செய்தான். லீவு கிடைத்துவிட்டது, டிக்கெட் போட்டுவிட்டேன், வருகிறேன் என்றான். போனதற்குப் பிறகு முதல் தடவை. அவன் சிரித்துக்கொண்டே கேட்டான்: "என் கேம் இன்னும் இருக்கா பெரியம்மா?"

"இருக்கு கண்ணு. நீ வைச்சிட்டுப் போன மாதிரியே இருக்கு" என்றாள் சரோஜ்.

அது மேஜை மேல் பாதி செத்துக் கிடந்தது. போனை வைத்துவிட்டு அவள் என்னைப் பார்த்த பார்வையை இன்னும் மறக்கவில்லை. இவள் பொய் சொல்லி நான் கேட்டதில்லை. "ஒரு பிள்ளை வந்து வாங்கிக்கிறேன்னு வர்றான். நான் என்னத்தைக் குடுப்பேன்?" என்றாள். அவன் உன்னைப் பார்க்க வருகிறான், கேமைப் பார்க்கவா வருகிறான் என்று நான் சொல்லிப் பார்த்தேன். காதில் ஏறவில்லை. "ரெண்டும் ஒண்ணுதாங்க" என்றாள்.

மறுநாள் காலையில் மிஷினையும், வேண்டியிருக்குமோ என்று எங்கள் பழைய லாப்டாப்பையும் எடுத்துக்கொண்டு இருவரும் நாடிக்குப் போனோம். மார்க்கெட்டுக்குப் பக்கத்தில் ஷாலேந்திரா போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறான். நல்ல பையன், பேச்சு மட்டும் கொஞ்சம் அதிகம். மிஷினைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "ஒயர் போச்சு ஆன்ட்டி. இந்த மாடலுக்கு இப்ப எங்கேயும் பார்ட் கிடைக்காது" என்றான். அவள் முகம் போன போக்கைப் பார்த்து உடனே சேர்த்துக்கொண்டான்: "ஆனா கேம் சாகாது. எமுலேட்டர்னு ஒண்ணு இருக்கு."

அவன் விளக்கியது எனக்குப் புரிந்த அளவில் இதுதான். கம்ப்யூட்டருக்குள் ஒரு புரோகிராமைப் போட்டால் அது இந்த மிஷின் மாதிரியே நடிக்கும். ஆனால் நடிப்பதற்கு அதற்கு மிஷினுக்குள் இருக்கும் சில ஃபைல்கள் வேண்டும். பயாஸ் என்று இரண்டு, ஃபர்ம்வேர் என்று ஒன்று. மிஷினைத் திறந்ததும் முதலில் விழிப்பது அவைதான். அவை இல்லாவிட்டால் அந்த முதல் திரை வராது. ஆட்டத்தின் நகல் வேறு, இது வேறு.

"அதெல்லாம் உன்கிட்ட இருக்கா?" என்றாள் சரோஜ்.

"நெட்ல எவனோ போட்டு வைச்சிருக்கான். அப்படி எடுக்கறது சரியில்லேதான், அவங்கவங்க மிஷின்லேருந்து எடுக்கணும்னுதான் எழுதியிருக்கும். ஆனா சும்மா எப்படி இருக்கும்னு காட்டறேன்" என்று சொல்லி லாப்டாப்பைத் திருப்பினான்.

வந்தது. அதே இரண்டு திரை, அதே ஓசை, அதே கடிகாரம். எனக்கே சந்தோஷமாக இருந்தது. சரோஜ் குனிந்து பார்த்தாள். மேல்திரையின் ஓரத்தில் இளஞ்சிவப்புப் பட்டையில் மார்ட்டின் என்று இருந்தது.

"யாரு இது?"

"யாரோ. அவன் மிஷின்லேருந்து எடுத்தது. பேரு, பொறந்தநாளு எல்லாம் ஃபர்ம்வேருக்குள்ளதான் இருக்கும், அதோட வந்திருச்சு."

"யார் வீட்டுப் பிள்ளைன்னே தெரியலே. நம்ம பிள்ளை இடத்துல வந்து உக்காந்திருக்கான்" என்றாள் சரோஜ். மார்ட்டின் மேல் கோபம் இல்லை, பாவம் என்கிற மாதிரிதான் சொன்னாள். ஆனால் உட்கார விடுவதாகவும் இல்லை.

ஷாலேந்திரா சிரித்தான். இதற்கு ஒரு நிமிஷம் போதும் என்றான். பெயரை அழித்துவிட்டு பிரனேஷ் என்று அடிக்கலாம், பிறந்த நாளையும் அந்த வாசகத்தையும் போடலாம், அவனுக்கு வித்தியாசமே தெரியாது. நான் வேகமாகத் தலையாட்டினேன். வெயில் ஏறுவதற்குள் வீட்டுக்குப் போய்விடலாம் என்று இருந்தது.

"அது நான் எழுதினது ஆயிருமே" என்றாள் அவள்.

"எழுத்து ஒண்ணுதானே ஆன்ட்டி."

"ஒருத்தர் என்கிட்ட புடவை வைச்சிட்டுப் போறாங்க. அதைத் தொலைச்சிட்டு அதே மாதிரி ஒண்ணு கடையில வாங்கிக் குடுத்தா, அவங்க வைச்சதைக் குடுத்தேன்னு சொல்லலாமா?"

நான் இடையில் புகுந்தேன். வீட்டில் அதிகாரம் செலுத்த எனக்குக் கிடைக்கிற சந்தர்ப்பங்கள் குறைவு. அவனுக்கு இருபதுக்கு மேல் வயசாகிறது, சம்பாதிக்கிறான், பத்து வயதில் எந்த நிறம் போட்டோம் என்று நினைவு இருக்காது, நீ ஒருத்திதான் இதைத் தூக்கிப் பிடிக்கிறாய், தேவேந்திராவுக்குத் தன் கதவு ஞாபகம் இருக்கிறதா கேட்டுப் பார் என்று சொன்னேன். கடைசி வாக்கியம் தேவையில்லாதது.

"அவங்களுக்கு ஞாபகம் இல்லேன்னு எனக்குத் தெரியுங்க" என்றாள் சரோஜ். "ஒருத்தரும் வரமாட்டாங்கன்னும் தெரியும். இவன் ஒருத்தன் வர்றான். இவனுக்காவது வைச்சதை வைச்ச மாதிரி குடுக்கணும்."

இத்தனை வருஷம் அவளுக்குத் தெரியாது என்று நினைத்திருந்தேன். தெரிந்துகொண்டேதான் கொட்டகையைக் கூட்டியிருக்கிறாள். நான் ஷாலேந்திராவைப் பார்த்து, "இந்த மிஷின்லேருந்தே எடுக்க முடியுமா பாருப்பா" என்றேன்.

முடியும் என்றான். மெமரி கார்டு போடுகிற ஒரு கார்ட்ரிட்ஜ் அவனிடம் இருந்தது. அதை மிஷினில் ஆட்டம் போடுகிற இடத்தில் சொருகி ஒரு சின்ன புரோகிராமை ஓடவிட்டால் மூன்று ஃபைலையும் வெளியே எடுத்துக் கார்டில் எழுதிவிடும். ஆட்டத்தையும் மதிப்பெண்களையும் ஆட்டத்தின் கார்ட்ரிட்ஜிலிருந்து நேராக எடுக்க வேறு கருவி இருக்கிறது, அது சுலபம். மிஷினுக்குள் இருக்கிற ஃபைல்களில்தான் சிக்கல். எழுதி முடிக்கிற வரை மிஷின் அணையக் கூடாது. இதுவோ மூச்சு விட்டால் அணைகிறது.

அவன் பிடித்தான். அணைந்தது. மேஜையில் ஒரு பெட்டியில் சாய்த்து வைத்து டேப் ஒட்டினான். அணைந்தது. நான் பிடிக்கட்டுமா என்றேன். ஷாலேந்திரா டேப்பைப் பிரித்துவிட்டுச் சரோஜைப் பார்த்தான்.

"குடு" என்றாள் சரோஜ். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். கழுத்தைச் சாய்த்தாள். இடது கட்டைவிரல் மூடிக்குப் பின்னால் போனது. திரை வரவில்லை. மறுபடியும் போட்டாள், வரவில்லை. வெளியே லௌடோக்கா பஸ் ஒன்று கிளம்பிப் போனது. அந்த அதிர்விலோ என்னவோ, திரை வந்துவிட்டது.

"அசையாதீங்க ஆன்ட்டி" என்று ஷாலேந்திரா பட்டனைத் தட்டினான். முதல் ஃபைல் வந்தது. இரண்டாவதும் வந்தது. ஃபர்ம்வேர் கொஞ்சம் பெரியது, கோடு மெல்ல நகர்ந்தது. கடைக்குள் சார்ஜர் வாங்க வந்த ஒரு ஃபிஜியன் பெரியவர் எங்கள் முகங்களைப் பார்த்து வாசலிலேயே நின்றுவிட்டார். சரோஜ் நெற்றியில் வியர்வை இறங்கி மூக்கு நுனியில் நின்றது. துடைத்தால் கை அசையும். நான் என் கைக்குட்டையை எடுத்து, மிஷினைத் தொடாமல், மூக்கை மட்டும் துடைத்துவிட்டேன். கல்யாணமான நாளிலிருந்து அவளுக்கு நான் செய்த உதவிகளில் இதைத்தான் அவள் ஊரெல்லாம் சொல்கிறாள்.

முடிந்தது என்று எழுத்து வந்ததும் மிஷின் அணைந்தது. அதற்கப்புறம் அது கண் திறக்கவே இல்லை.

ஷாலேந்திரா கார்டை லாப்டாப்பில் போட்டான், மார்ட்டினை எடுத்துவிட்டு இந்த ஃபைல்களை வைத்தான். ஓசை வந்தது. மேல்திரையில் பச்சைப் பட்டை. பிரனேஷ். தட்டிப் பார்த்தால் அந்த வரியும் அப்படியே: என் கேமைத் தொடாதே, ஓகே. சரோஜ் கையைத் தட்டிக்கொண்டு ஸ்டூலிலிருந்து எழுந்துவிட்டாள். வாசலில் நின்ற பெரியவருக்கு ஒன்றும் புரியவில்லை, ஆனாலும் நல்லது என்பதற்கு அவர்கள் சொல்கிற வினாகா, வினாகா என்று அவரும் கை தட்டினார். எங்கள் பழைய லாப்டாப்பில் எல்லாவற்றையும் ஏற்றிக்கொண்டு, வழியில் கோழி வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தோம்.

பிரனேஷ் வந்தபோது வாசலில் தலையை இடித்துக்கொண்டான், அவ்வளவு வளர்ந்திருந்தான். சாப்பிட வைத்து, இன்னும் சாப்பிட வைத்து, கை கழுவியதும் சரோஜ் அவனை நாற்காலியில் உட்காரச் சொன்னாள். உள்ளே போய்த் தாம்பாளத்தோடு வந்தாள். வெற்றிலை, வாழைப்பழம், மஞ்சள், நடுவில் அந்தச் செத்த மிஷின். மேஜையில் லாப்டாப்பைத் திறந்து வைத்தாள். "மிஷின் போயிருச்சு கண்ணு. போன்ல பொய் சொல்லிட்டேன். ஆனா உள்ள நீ வைச்சது எதுவும் போகலே. பாத்துக்கோ."

அவன் பார்த்தான். பச்சைப் பட்டையைப் பார்த்தான். அந்த வரியைப் படித்து முகத்தை மூடிக்கொண்டு சிரித்தான். சிரித்துக்கொண்டே இருந்தவன் நிறுத்தினான். "பெரியம்மா, இது உனக்குக் குடுத்ததுதானே? நீயே வைச்சுக்கோ."

"குடுத்தேன்னு நீ சொல்லலே. வைச்சிருன்னு சொன்னே, வந்து வாங்கிக்கிறேன்னு சொன்னே."

"நான் அப்ப சின்னப் பையன் பெரியம்மா."

"சின்னப் பையன் நீதான் சொன்னதைச் செஞ்சிருக்கே. பெரியவங்க யாரும் வரலே. எல்லாச் சாமானும் இங்கேயே இருக்கு. நீயாவது வாங்கிட்டுப் போ கண்ணு."

பிரனேஷ் எழுந்து நின்றான். கடைசி வாக்கியத்தை அவள் நிஜமாகவே தமிழில் சொல்லியிருந்தாள். தமிழ் அவனுக்குப் பாதிதான் புரியும், இது முழுதும் புரிந்துவிட்டது. இரண்டு கையையும் நீட்டி, கோயிலில் வாங்குவது மாதிரி, அந்த மிஷினை வாங்கிக்கொண்டான். "வாங்கிக்கிட்டேன் பெரியம்மா" என்றான். சரோஜ் உட்கார்ந்து அழுதாள். அத்தனை சந்தோஷமான அழுகையை நான் பார்த்ததில்லை. அண்ணன் போனபோதும், தங்கை போனபோதும் அழாத மிச்சமெல்லாம் அதில் இருந்தது. எனக்கும் கண் கலங்கியதால் நான் டீ போடப் போனேன்.

திரும்பி வந்தபோது அவன் லாப்டாப்பில் ஆட்டத்தின் மதிப்பெண் பட்டியலைப் பார்த்துக்கொண்டிருந்தான். முதல் வரியிலிருந்து கடைசி வரை அவனே. பத்து வயதில் போட்டவை. "இத்தனை வருஷம் ஆடியிருக்கே, என்னை ஒரு தடவைகூட தாண்டலையா?" என்றான்.

சரோஜுக்கு முந்திக்கொண்டு நான் சொன்னேன். உன் மதிப்பெண் கிட்டே வந்ததும் இவள் குச்சியைக் கீழே வைத்துவிடுவாள், பெட்டிகள் குவிந்து கூரையை முட்டுகிற வரை சும்மா பார்த்துக்கொண்டிருப்பாள், தினம் நான் பார்த்திருக்கிறேன், கேட்டால் அது அவன் வைத்துவிட்டுப் போன இடம் என்பாள்.

அவன் அந்த ஃபர்ம்வேர் ஃபைலைத் தன் போனுக்கு ஒரு நகல் எடுத்துக்கொண்டான். "என்னோடது என்கிட்ட வந்திருச்சு, இது உன்னோடது" என்று லாப்டாப்பில் இருந்ததைத் திறந்து தன் பெயரை அழித்தான். அவள் பதறிக் கையைப் பிடித்தாள். அவன் போனைக் காட்டினான், அதில் பிரனேஷ் பத்திரமாக இருந்தான். பெயர் எழுதும் இடம் காலியாக மினுக்கியது. எந்தெந்த எழுத்து எங்கே இருக்கிறது என்று தேடித் தேடி, ஒற்றை விரலால், சரோஜ் என்று அவளே அடித்தாள். நிறம் ஆரஞ்சு.

"இப்ப ஆடு. குச்சியைக் கீழே வைக்கக் கூடாது."

ஆடினாள். கழுத்தைச் சாய்க்க வேண்டிய அவசியமே இல்லை, இருந்தும் சாய்த்தாள். குச்சிக்குப் பதில் மௌஸ் என்பதால் முதலில் இரண்டு ஆட்டம் போனது. மூன்றாவதில் அவனுடைய மதிப்பெண் நெருங்கியபோது அவள் கை நின்றது. பெட்டிகள் விழுந்தன. பிரனேஷ் பக்கத்தில் மண்டியிட்டு உட்கார்ந்து, "போ பெரியம்மா, நான்தான் வந்துட்டேன் இல்லே" என்றான். கை மறுபடி நகர்ந்தது. அடுப்பில் கறி தீய்கிற வாசனை வந்தது. யாரும் எழுந்திருக்கவில்லை. நான்தான் போய் அணைத்துவிட்டு ஓடி வந்தேன்.

பட்டியல் வந்தபோது முதல் வரியில் சரோஜ் இருந்தாள். பிரனேஷ் இரண்டாவதாக இறங்கியிருந்தான். தோற்றதற்கு அவ்வளவு சந்தோஷப்பட்ட ஒருத்தனை நான் பார்த்ததில்லை. பெரியம்மாவைத் தோளோடு கட்டிப் பிடித்துக்கொண்டு பிரிஸ்பேனுக்குப் போன் போட்டு, "அம்மா, பெரியம்மா என்னை ஜெயிச்சிட்டா" என்று உர்மிளாவிடம் சொல்லிக்கொண்டிருந்தான். சரோஜ் அதைக் கேட்கவில்லை, அடுத்த ஆட்டத்தைத் தொடங்கிவிட்டாள்.